ஊராட்சிக்கு வந்த ஆணை: கையெழுத்துப் போட்டவருக்கு அந்த அதிகாரம் உண்டா?

ஊராட்சித் தலைவருக்கு மேலிடத்திலிருந்து ஓர் ஆணை வந்தால், பலரும் உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்றுதான் முதலில் தேடுகிறார்கள். கையெழுத்து இருக்கும் கடைசிப் பக்கத்திலிருந்து தொடங்குங்கள் என்பேன். இன்ன பதவியில் இருப்பவர் முடிவெடுக்க வேண்டும் என்று சட்டம் சொல்லிவிட்டால், அந்த வேலையை அவர் தன் விருப்பப்படி இன்னொருவர் தலையில் கட்டிவிட முடியாது. தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994-ஐ வைத்து இதைச் சரிபார்க்கும் விதத்தைப் பார்ப்போம்.

படி 1: ஆணையைக் கையில் எடுங்கள்

மேலே யாருடைய 'செயல்முறைகள்', அதாவது எந்த அதிகாரியின் ஆணை, என்று இருக்கும். அடுத்து ந.க. எண் (கோப்பின் எண்), தேதி, 'பார்வை' (ஆணைக்கு அடிப்படையான முந்தைய கடிதங்களின் பட்டியல்). எந்தப் பிரிவின்கீழ் ஆணை போடப்பட்டது என்பதைத் தேடி அடிக்கோடிடுங்கள். பிரிவு எண்ணே இல்லையென்றால், உங்கள் முதல் கேள்வி அதுதான்.

கீழே 'மாவட்ட ஆட்சியருக்காக' என்று வேறொருவர் கையெழுத்து இருக்கிறதா? உடனே செல்லாது என்று முடிவு கட்ட வேண்டாம். ஆட்சியர் கோப்பில் தானே முடிவெடுத்திருந்தால், அதைத் தெரிவிக்கும் கடிதத்தில் அலுவலர் ஒருவர் கையெழுத்திடுவதில் குறை இல்லை.

படி 2: சட்டம் யாரைச் சொல்கிறது?

தலைவரைப் பதவி நீக்கும் 205-ஆம் பிரிவை எடுத்துக்கொள்வோம். விளக்கம் கேட்டு அறிவிப்பு அனுப்புபவர் 'ஆய்வாளர்' (இவர் யார் என்பதைக் கீழே பார்ப்போம்). ஊராட்சியின் கருத்தை அறியக் கூட்டம் கூட்டுபவர் வட்டாட்சியர். அவர் அங்கே குற்றச்சாட்டின் நியாயம் பற்றிப் பேசக் கூடாது, வாக்களிக்கவும் முடியாது. அந்தக் கருத்தைப் பரிசீலித்து, நீக்குவதா கைவிடுவதா என்று முடிவெடுப்பது மறுபடியும் ஆய்வாளர். ஒரே பிரிவுக்குள் ஆளுக்கொரு வேலை. வட்டாட்சியருக்குப் பதில் வட்டார வளர்ச்சி அலுவலர் கூட்டத்தை நடத்தினார் என்றால் அங்கேயே கேள்வி எழுகிறது.

'ஆய்வாளர்' யார் என்பதை 2-ஆம் பிரிவின் வரையறையில் பாருங்கள். அரசு நியமிக்கும் அலுவலர் அவர். நடைமுறையில் மாவட்ட ஆட்சியர்.

படி 3: ஒப்படைப்பு ஆணை இருக்கிறதா?

சட்டமே அனுமதித்தால் அதிகாரத்தை ஒப்படைக்கலாம். அதற்கு எழுத்தில் ஆணை வேண்டும். உங்கள் விஷயம் அதன் வரம்புக்குள் வர வேண்டும். நடவடிக்கைக்கு முந்தைய தேதியாக இருக்க வேண்டும். அப்படிப் பெற்றவர், சட்டம் இடம் தராவிட்டால் அடுத்தவருக்குக் கைமாற்ற முடியாது. "ஐயா வாய்மொழியாகச் சொன்னார்" என்பது போதாது.

படி 4: விசாரணை வேறு, முடிவு வேறு

அதிகம் குழம்புவது இங்கேதான். ஆட்சியர் எல்லா ஊருக்கும் நேரில் போக முடியாது. ஊராட்சிகள் உதவி இயக்குநரை அனுப்பி அறிக்கை வாங்கலாம். கல்கத்தா உயர் நீதிமன்றப் பதிவாளரின் பணிநீக்க வழக்கில், தலைமை நீதிபதி இன்னொரு நீதிபதியைக் கொண்டு விசாரித்ததை உச்ச நீதிமன்றம் ஏற்றது. காரணம், இறுதி முடிவு தலைமை நீதிபதியுடையது.

அதனால் ஆணையின் கடைசிப் பத்தியைக் கவனமாகப் படியுங்கள். உங்கள் விளக்கம் பேசப்பட்டிருக்கிறதா? "உதவி இயக்குநரின் அறிக்கை ஏற்கப்படுகிறது" என்ற ஒரே வரியோடு முடிகிறதா? அறிக்கையின் வாக்கியங்கள் அப்படியே ஆணையில் வந்திருந்தால், இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் குறித்துக்கொள்ளுங்கள். பின்னால் இது பெரிய பலம்.

மேலிருந்து வரும் அழுத்தமும் இதே வகைதான். மும்பை அந்தேரியில் திரையரங்கு கட்டத் தந்த அனுமதியைக் காவல் ஆணையர், அரசு தனக்கு இட்ட உத்தரவின்படி என்று எழுதி ரத்து செய்தார். சட்டம் அதிகாரம் தந்தது ஆணையருக்கு, அரசுக்கு அல்ல என்று சொல்லி, 1951-ல் உச்ச நீதிமன்றம் அந்த ரத்தை ஏற்கவில்லை.

படி 5: அதே அளவுகோலை ஊராட்சிக்கும் வையுங்கள்

ஊராட்சி நிதிக் காசோலையில் தலைவரும் துணைத் தலைவரும் சேர்ந்து கையெழுத்திட வேண்டும் என்கிறது 188-ஆம் பிரிவு. வெற்றுக் காசோலையில் முன்கூட்டியே கையெழுத்துப் போட்டு வைத்தால், இருவர் கையெழுத்து தரும் பாதுகாப்பு அங்கேயே போய்விடுகிறது. டிஜிட்டல் கையெழுத்துக் கருவியையும் ரகசிய எண்ணையும் ஒப்பந்ததாரரிடம் கொடுப்பதும் இதேதான். பெண் தலைவரின் நாற்காலியில் கணவர் உட்கார்ந்து உத்தரவு போடுவதைப் பார்த்தால் எனக்கு மனசே ஆறாது. சட்டம் அந்தக் கணவருக்கு ஓர் அதிகாரமும் தரவில்லை.

படி 6: பதில் எழுதுங்கள்

கையெழுத்தில் சந்தேகம் என்று சும்மா இருந்துவிடாதீர்கள், கெடு ஓடிக்கொண்டிருக்கும். குற்றச்சாட்டுக்கு முழுப் பதில் எழுதி, தொடக்கத்திலேயே இப்படி ஒரு பத்தி சேருங்கள்: "இந்த ஆணையைப் பிறப்பிக்கும் அதிகாரம் தங்களுக்கு எந்தப் பிரிவின்கீழ், எந்த ஒப்படைப்பு ஆணையின்படி வந்தது எனத் தெரிவிக்கவும். இந்த ஆட்சேபனைக்குப் பாதகமின்றிப் பதில் அளிக்கிறேன்."

அப்புறம் தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005-ன்கீழ் 10 ரூபாய் கட்டணத்தில் தனி மனு போடுங்கள். ஒப்படைப்பு ஆணையின் நகல், கோப்பின் குறிப்புப் பக்கங்களின் (அதிகாரிகள் தங்கள் கருத்தையும் முடிவையும் எழுதும் பக்கங்கள்) நகல் இரண்டையும் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். முடிவெடுத்தது யார் என்று அந்தக் குறிப்புப் பக்கங்களில் தெரிந்துவிடும்.