ஒளியும் எண்ணும் மந்திரமாகும் கதைகள்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

“அவன் ஏழாம் எண்ணை உச்சரித்தான். கையிலிருந்து நீல ஒளி பாய்ந்தது. எதிரி சாம்பலானான்.” ஒளியையும் எண்ணையும் வைத்து மந்திரக் கதை எழுதப் புகுந்தால் இப்படி ஒரு வரி எப்படியும் வந்து நிற்கும். அதில் ஏழை எட்டாக்கிப் பாருங்கள். நீலத்தைப் பச்சையாக்குங்கள். கதையில் எதுவுமே மாறவில்லையா? அப்படியென்றால் அந்த எண் அங்கே வேலை செய்யவில்லை, சும்மா ஒட்டிய சீட்டுதான். மற்றத் தவறுகளில் பாதி இதிலிருந்துதான் கிளைக்கிறது.

எண்களுக்குக் குணம் உண்டு, அதைப் பயன்படுத்துங்கள். ஒரு விதியை வைத்துக்கொள்வோம்: ஒரு வரிசையில் எரியும் விளக்குகளைச் சமமான கூட்டங்களாகப் பிரிக்க முடிந்தால்தான் மந்திரக்காரியால் அந்த வெளிச்சத்தை எடுத்தாள முடியும். சிங்கப்பூரின் யீஷூனில் ஒரு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி புளோக். ஒன்பதாம் மாடித் தாழ்வாரத்தில் 12 விளக்குகள். இரண்டிரண்டாக, மும்மூன்றாக, நந்நான்காக, ஆறாறாக எப்படி வேண்டுமானாலும் பிரிக்கலாம், அவளுக்குக் கொண்டாட்டம். பத்தாம் மாடியில் 13. பகா எண், பிரியாது. எதிரி அங்கே போய் நின்றுகொள்கிறான். இப்போது ஒரு விளக்கை உடைக்கலாம். அல்லது யார் வீட்டு வாசலிலோ எரிகிற அகல்விளக்கையும் சேர்த்து எண்ணி 14 ஆக்கலாம். அவள் யோசித்து முடிக்குமுன் வாசகர் இதைக் கண்டுபிடித்துவிட்டால் நல்லதுதான், அந்தச் சுகத்துக்காகவே இந்த வகைக் கதையைப் படிக்கிறார்கள். அகல்விளக்கை மட்டும் இரண்டு அத்தியாயம் முன்பே காட்டிவிடுங்கள். ஒவ்வொன்றாகப் பிரித்தால் செல்லாது என்பதையும் சொல்லிவிடுங்கள். இல்லாவிட்டால் தொடக்கக் கல்லூரி மாணவர் ஒருவர் உங்களைப் பிடித்துக்கொள்வார்!

அடுத்தது, ஒளியை ஒரு மந்திரமாகவும் எண்ணை வேறொரு மந்திரமாகவும் வைத்துக்கொண்டு கடைசி அத்தியாயத்தில் இரண்டையும் முடிச்சுப் போடுவது. இவை இரண்டும் நிஜ உலகிலேயே பின்னிக் கிடக்கின்றன. சிங்கப்பூர்க் கடற்பகுதியில் 1851 முதல் எரியும் ஹார்ஸ்பர்க் கலங்கரை விளக்கத்தையும் 1855இல் கட்டி முடித்த ராஃபிள்ஸ் கலங்கரை விளக்கத்தையும் மாலுமிகள் இரவில் எப்படி வேறுபடுத்துகிறார்கள்? எத்தனை முறை மின்னுகிறது, எத்தனை நொடிக்கு ஒருமுறை மின்னுகிறது என்று எண்ணித்தான். கதைக்கு இதைவிட நல்ல விதை கிடைப்பது கஷ்டம்.

தமிழ் எண்களை அலங்காரத்துக்கு மட்டும் பயன்படுத்துவது எனக்கு ரொம்பவே உறுத்தும். பழைய ஓலையில் மந்திர ஆண்டு என்று சொல்லி ௨௦௨௫ என்று எழுதிவிடுவார்கள். பழைய முறையில் பூஜ்யம் போட்டு எழுதும் வழக்கம் இல்லை. பத்துக்கும் நூறுக்கும் ஆயிரத்துக்கும் தனித்தனி குறிகள் இருந்ததால் அது ௨௲௨௰௫ என்று வரும். அதைவிடப் பெரிய புதையல் கீழ்வாய் எண்கள், அதாவது பின்னங்களுக்கான தமிழ்ப் பெயர்கள். கால், அரைக்கால், மாகாணி, மா, காணி, முந்திரி. முந்திரி என்றால் 320இல் ஒரு பங்கு. அதையும் 320ஆகப் பிரித்தால் கீழ்முந்திரி, அதாவது 102,400இல் ஒன்று.

இதை ஒளியோடு சேர்த்துப் பாருங்கள். விளக்கிலிருந்து இரண்டு மடங்கு தூரம் தள்ளிப் போனால் உங்கள்மேல் விழும் வெளிச்சம் கால் பங்காகிவிடும். நான்கு மடங்கு போனால் பதினாறில் ஒன்று, அதாவது மாகாணி. இது இயற்பியல் விதி, மந்திரம் இல்லை. ஆனால் மூன்று மடங்கு தூரத்தில்? ஒன்பதில் ஒன்று. நம் கீழ்வாய் எண்களில் அதற்குத் தனிப்பெயர் கிடையாது. பெயர் சொல்லித்தான் ஒளியை அழைக்க முடியும் என்று உங்கள் விதி இருந்தால், எதிரி மூன்று மடங்கு தூரத்தில் நின்றால் போதும், அவனை ஒன்றும் செய்ய முடியாது. இப்படி ஓர் ஓட்டையை விதியே தருகிறபோது கதாசிரியர் செயற்கையாகப் பலவீனம் எதையும் தேட வேண்டியதில்லை.

பாய்ந்து வரும் ஒளியைக் குனிந்து தப்பிக்கும் நாயகனை மட்டும் எழுதாதீர்கள். ஒளி நொடிக்குச் சுமார் 3 லட்சம் கிலோமீட்டர் போகும். சிங்கப்பூரைக் கிழக்கிலிருந்து மேற்காகக் கடக்க ஒரு நொடியில் ஆறாயிரத்தில் ஒரு பங்கு போதும். பரபரப்பு வேண்டுமானால் தாமதத்தை மனக்கணக்கில் வையுங்கள். 17ஐயும் 23ஐயும் பெருக்கி 391 என்று சொல்வது சுலபம். 391ஐக் கொடுத்து, எந்த இரண்டு எண்களின் பெருக்கல் இது என்று கேட்டால் திணறல்தான். இதே சிரமத்தைப் பெரிய எண்களில் வைத்துத்தான் இணையத்தில் பயன்படும் சில குறியாக்க முறைகள் (தகவலைப் பிறர் படிக்க முடியாதபடி பூட்டும் முறைகள்) நிற்கின்றன. பூட்டுகிறவளுக்கு இரண்டு நொடி, திறக்கிறவனுக்கு இரண்டு நிமிடம் என்றால் சண்டைக் காட்சி தானாகவே சூடு பிடிக்கும்.

அப்புறம், விலை. வெளிச்சம்தான் சக்தி என்றால் சிங்கப்பூரில் அதற்குப் பஞ்சமே இல்லை. 2016இல் வெளியான இரவுவான ஒளிமாசு உலக வரைபடத்தின்படி, இங்கே வாழும் எல்லாருமே, கண் முழுமையாக இருளுக்குப் பழக முடியாத அளவு வெளிச்சமான வானத்தின் கீழ்தான் இருக்கிறார்கள். தீபாவளி நேரத்துச் சிராங்கூன் சாலையைச் சொல்லவே வேண்டாம். அள்ள அள்ளக் குறையாத சக்தியோடு ஒருத்தி நடந்தால் அவளுக்கு என்ன ஆபத்து? இருட்டைத்தான் அரிதான பொருளாக்க வேண்டும் என்பது என் எண்ணம். கணக்கை அழித்துவிட்டு மறுபடி தொடங்க முழு இருள் தேவை என்று வைத்தால், இந்தத் தீவில் அதைத் தேடி அலைவதே ஒரு நாவலுக்குக் காணும்.

நிறத்தில் ஒரு சின்னத் தவறு: சிவப்பு ஒளியும் பச்சை ஒளியும் கலந்தால் மஞ்சள் வரும். சாயம் கலப்பதை நினைத்துக்கொண்டு பழுப்பு என்று எழுதிவிடாதீர்கள்.

சூரியனை வேறு நாட்டிலிருந்து இறக்குமதி செய்வதும் அடிக்கடி நடக்கிறது. கோடையின் நீண்ட பகலில் சக்தி பெருகும் என்று எழுதினால் இங்கே செல்லாது. ஆண்டு முழுவதும் பகல் நீளம் பத்து நிமிடம்கூட மாறுவதில்லை. உச்சிவேளை நண்பகல் 12 மணிக்கு வராது, ஒரு மணியை ஒட்டித்தான் வரும். ஏற்கெனவே சூரியனைவிட முன்னால் ஓடிய நம் கடிகாரத்தை 1982 ஜனவரியில் இன்னும் அரை மணி நேரம் முன்னால் தள்ளிவிட்டார்கள். ஜூனில் உச்சிநேர நிழல் தெற்கே விழும், டிசம்பரில் வடக்கே. மார்ச்சிலும் செப்டம்பரிலும் ஓரிரு நாட்கள் கம்பத்தின் நிழல் கிட்டத்தட்ட காணாமலே போகும். நிழல் எண்ணிக்கையை வைத்து மந்திரம் கட்டுகிறவருக்கு அந்த நாட்களில் எண்ண ஒன்றும் இருக்காது. நள்ளிரவில் வளர்பிறை மெல்லியதாக மின்னுவதும் வேண்டாம், அது பொழுது சாய்ந்து கொஞ்ச நேரத்திலேயே மறைந்துவிடும்.

கடைசியாக, ராசி எண். இந்தச் சாலையில் கவனமாகப் போக வேண்டும். சீனர்கள் பலர் 4ஐத் தவிர்ப்பார்கள், 8ஐ விரும்புவார்கள், திருமண அங் பாவில் (அன்பளிப்புப் பணம் வைக்கும் சிவப்பு உறையில்) இரட்டைப்படைத் தொகையை வைப்பார்கள். நம் வீட்டில் 101, 501 என்று மொய் எழுதுவோம். ஒரே மின்தூக்கியில் போகிறவர்களுக்குள் இவ்வளவு வித்தியாசம். எண்ணே வேலை செய்கிறதா, எண்மீது உள்ள நம்பிக்கை வேலை செய்கிறதா என்பதை முடிவு செய்துகொள்ளுங்கள். இரண்டில் எதுவும் நல்ல கதையைத் தரும், பாதியில் மாற்றினால்தான் குட்டு உடையும். 4ஐ வைத்து ஒருவர் விட்ட சாபம், நான்காம் மாடியில் நிம்மதியாகக் குடியிருக்கும் தமிழ்க் குடும்பத்தையும் பிடிக்குமா என்ற கேள்விக்கு, முதல் அத்தியாயம் எழுதுமுன்பே பதில் வைத்திருங்கள்.