முகத்தை விடுங்கள், விளிம்பைப் பாருங்கள்: ஓகம் கல் படிக்கும் முறை

அயர்லாந்துக்கு வேலைக்கு வரும் நம் ஆட்கள் விடுமுறை கிடைத்ததும் மோஹர் பாறைகளுக்குப் போய் நாலு படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். நான் கார்க் நகரத்தில் நர்ஸ் வேலை பார்க்கிறேன். லீவு கிடைத்தால் ஓகம் கல் தேடிப் போவதுதான் எனக்குப் பொழுதுபோக்கு. 'கல்லுப் பைத்தியம்' என்று வீட்டில் பட்டமே கொடுத்துவிட்டார்கள். ஓகம் என்பது கோடுகளால் ஆன பழைய ஐரிஷ் எழுத்து. அதில் ஆட்களின் பெயரை வெட்டி, அயர்லாந்தின் கெல்டிக் மக்கள் கி.பி. 4 முதல் 7ஆம் நூற்றாண்டு வரை நிறுத்திய கற்கள் இவை. பிரிட்டனில் இருப்பதையும் சேர்த்தால் 400 அளவுக்குக் கிடைத்திருக்கின்றன; மூன்றில் ஒரு பங்கு கெர்ரி மாவட்டத்தில் மட்டும். எழுத்து மொத்தம் இருபதுதான். ஒரு மத்தியானம் உட்கார்ந்தால் பிடிபட்டுவிடும்.

நம் ஊர்க் கல்வெட்டைப் பார்ப்பதுபோல நேரே போய் முகத்தைப் பார்க்காதீர்கள், அங்கே ஒன்றும் இருக்காது. எழுத்து ஓடுவது கல்லின் விளிம்பில். இடப்பக்க விளிம்பின் அடியில் ஆரம்பித்து மேலே போங்கள். பெயர் நீளமாக இருந்தால் உச்சியைத் தாண்டி வலப்பக்கமாக இறங்கும். விளிம்புதான் நடுக்கோடு, அதற்கு எந்தப் பக்கம் எத்தனை கோடு என்று எண்ணுவதுதான் வாசிப்பு.

விளிம்புக்கு வலப்பக்கம், அதாவது கல்லின் முகத்தில், ஒன்று முதல் ஐந்து கோடு வரை இருந்தால் முறையே பெல்பாஸ்டில் வரும் ப, ல, வ, ஸ, ந. இடப்பக்கம், அதாவது கல்லின் பக்கவாட்டில் இருந்தால் ஹ, டப்ளினில் வரும் ட, ட்ரலீயில் வரும் ட, க, க்வ. இதில் ஹ பழைய கற்களில் அநேகமாக வராது. விளிம்பைக் குறுக்கே சாய்வாக வெட்டியிருந்தால் ஒன்று ம, இரண்டு கால்வேயில் வரும் க, ஐந்து ர. மூன்றும் நான்கும் அபூர்வம், அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். விளிம்பிலேயே சின்னச் சின்ன வெட்டாக இருந்தால் உயிரெழுத்து: அ, ஒ, உ, எ, இ.

அந்தச் சின்ன வெட்டுகள்தான் முதலில் தேயும். ஆயிரத்தைந்நூறு வருஷ மழைக்கு அவை தாங்குவதில்லை. அதனால் எழுத்தெழுத்தாகப் படிக்கத் துவங்காமல் ஒரே ஒரு சொல்லைத் தேடுங்கள்: 'மக்வி'. மகனுடைய என்று அர்த்தம்; இன்றைய மக்கார்த்தி, மக்டானல் எல்லாவற்றிலும் ஒட்டியிருக்கும் 'மக்' இதன் வாரிசு. ஒரு சாய்கோடு, ஒரு வெட்டு, இடப்பக்கம் ஐந்து கோடு, கடைசியில் ஐந்து வெட்டு. வெட்டுகள் மறைந்திருந்தாலும் சாய்கோட்டுக்கும் ஐந்து கோட்டுக்கும் நடுவே சின்ன இடைவெளியும், ஐந்து கோட்டுக்கு மேலே பெரிய இடைவெளியும் தெரியும். அது கிடைத்துவிட்டால் கல் திறந்துகொண்ட மாதிரிதான். முன்னால் வருவது ஆளின் பெயர், பின்னால் அப்பாவின் பெயர். 'முகோய்' என்று வந்தால் அடுத்தது குலத்தின் பெயர். டிங்கிள் தீபகற்பத்தின் மேற்கோடியில், டன்மோர் முனைக் கல்லில், 'டோவினியா' என்று முடியும். அந்தக் குலத்தின் பெயரில்தான் அந்த வட்டாரம் இன்றும் ஐரிஷ் மொழியில் வழங்குகிறது.

ஒரு எச்சரிக்கை. பல கற்களைப் பிற்காலத்தில் பிடுங்கி நிலவறைக்குக் கூரைக்கல்லாகவும் வேலிக் கம்பமாகவும் போட்டுவிட்டார்கள். கில்லார்னி அருகே டன்லோவில் இருக்கும் கற்களில் ஏழு, 1838இல் அப்படி ஒரு நிலவறைக்குள் கிடைத்தவை. திரும்ப நடும்போது தலைகீழாக நட்டிருக்கவும் வாய்ப்புண்டு. கல் கவிழ்ந்தால் இடம் வலமாகிவிடும். 'மக்வி'யைக் கீழிருந்து படித்தால் இ, ந, அ, ம என்று வரும். ஆக, கல்லில் 'இனாம்' என்று எழுதியிருந்தால் மகிழ வேண்டாம், மேலிருந்து கீழே படித்துப் பாருங்கள்.

வெளிச்சம் முக்கியம். உச்சி வெயிலில் ஒன்றும் தெரியாது. காலையிலோ சாயங்காலமோ போங்கள், இல்லாவிட்டால் டார்ச்சைக் கல்லோடு ஒட்டிப் பக்கவாட்டில் பிடியுங்கள். பள்ளத்தில் நிழல் விழும். சாக்பீஸ் தடவுவது, பாசியைச் சுரண்டுவது, இரண்டும் கூடாது. இவை சட்டப் பாதுகாப்பில் உள்ள சின்னங்கள். கல் பெரும்பாலும் யாருடைய மேய்ச்சல் நிலத்திலாவது நிற்கும், வீட்டுக் கதவைத் தட்டிக் கேட்டுவிட்டுப் போங்கள். நாயைக் கூட்டிப் போகாதீர்கள், ஆடுகள் மிரளும்.

படித்ததைச் சரிபார்க்க டப்ளின் உயர் ஆய்வு நிறுவனம் கற்களை முப்பரிமாணத்தில் பதிவு செய்து இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. முதலிலேயே அதைப் பார்த்துவிட்டால் கேள்வித்தாளும் விடைத்தாளும் சேர்ந்து கிடைத்த மாதிரி ஆகிவிடும், சுவாரஸ்யம் போய்விடும். இன்னொன்று: நினைவுப்பொருள் கடைகளில் ஓகம் டாலரோடு கொடுக்கும் 'கெல்டிக் மர ராசி' அட்டை இருபதாம் நூற்றாண்டுச் சரக்கு. சில எழுத்துகளுக்கு மரப்பெயர் உண்டுதான், ஆனால் கற்களில் இருப்பது இன்னார் மகன் இன்னார், அவ்வளவே.

பழகுவதற்குக் கார்க் பல்கலைக்கழகத்தின் கல் தாழ்வாரம் நல்ல இடம். 28 கற்கள், கூரைக்குக் கீழே, கட்டணம் இல்லை. கொஞ்சம் கை பழகியதும் ராஸ்லேரிலிருந்து கப்பல் ஏறி வேல்ஸ் போங்கள். அங்கே செயின்ட் டாக்மெல்ஸ் ஊர்த் தேவாலயத்துக்குள் இருக்கும் சக்ரானஸ் கல்லில் ஒரே செய்தி லத்தீனிலும் ஓகத்திலும் இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டு அறிஞர்கள் ஓகம் எழுத்து வரிசையைச் சரிபார்த்துக்கொள்ள உதவிய கல் அது. லத்தீனைக் கையால் மூடிக்கொண்டு விளிம்பில் ஆரம்பியுங்கள்: வலப்பக்கம் நான்கு கோடு, ஒரு வெட்டு, இரண்டு சாய்கோடு...