முகூர்த்த பிளவுஸ் பொருந்தவில்லையா? பதறாமல் சரிசெய்வது எப்படி

கல்யாணத்துக்கு இன்னும் சில நாள்தான். ஆரி வேலைப்பாடு செய்த பிளவுஸ் தையல் கடையிலிருந்து வருகிறது. ஆசையாகப் போட்டுப் பார்த்தால் கை பிடிக்கிறது, ஷோல்டர் இறங்குகிறது, அக்குளில் சுருக்கம் விழுகிறது. பட்டுச் சேலையோடு வந்த துணி என்பதால் வேறு துணி வாங்கித் தைக்கவும் வழியில்லை. அந்த நேரத்தில் பெண்ணுக்கு அழுகை வரத்தான் செய்யும். அழட்டும், அதைப் போய் "இதுக்கெல்லாமா" என்று யாரும் கேட்க வேண்டாம். ஆனால் பிளவுஸைக் கழற்றி மூலையில் வீசுவதற்கு முன்னால் உள்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். பெரும்பாலான கோளாறுகளுக்கு மருந்து அங்கேதான் இருக்கிறது.

தையல் மெஷின் தெரியாதவர்களும் செய்யக்கூடிய விதத்தில் சொல்கிறேன். ஊசி கோக்கத் தெரிந்தால் போதும்.

தேவையானவை

இன்ச் டேப், குண்டூசி, துணி நிறத்துக்குப் பொருந்தும் நூல், மெல்லிய கைத்தையல் ஊசி, தையல் பிரிக்கும் கருவி, கொக்கி, சேஃப்டி பின். தையல் பிரிக்க பிளேடு வேண்டாம். பட்டில் ஒரு இழை அறுந்தாலும் அது கோடாகத் தெரியும். பிரிக்கும் கருவி எந்தத் தையல் சாமான் கடையிலும் கிடைக்கும், விலையும் குறைவுதான்.

படி 1: கல்யாணத்தில் செய்யப்போவதைச் செய்து பாருங்கள்

கண்ணாடி முன் நேராக நின்று பார்த்தால் எதுவும் புரியாது. அன்றைக்குப் போடப்போகும் உள்ளாடையையே போட்டுக்கொள்ளுங்கள், இல்லையென்றால் அளவு மாறிவிடும். கொக்கி எல்லாம் மாட்டிய பிறகு, மாலை மாற்றுவதுபோல் இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்குங்கள். மாப்பிள்ளை உயரமாக இருந்தால் இன்னும் கொஞ்சம் தூக்குங்கள்! மணையில் உட்கார்வதுபோல் சம்மணம் போட்டு உட்காருங்கள். பெரியவர்கள் காலில் விழுவதுபோல் குனியுங்கள். மேல்கையில் அணியும் வங்கி போடுவதாக இருந்தால் அதையும் போட்டுப் பாருங்கள்.

எங்கே பிடிக்கிறது, எங்கே தொளதொளக்கிறது என்று அம்மாவோ அக்காவோ பின்னால் நின்று பார்த்துச் சொல்லட்டும். அந்த இடங்களில் சேஃப்டி பின் குத்தி அடையாளம் வையுங்கள். துணியின் மடிப்பு ஓரத்தில், உள்பக்கமாகக் குத்த வேண்டும்.

படி 2: எதைச் சரிசெய்ய வேண்டும், எதை விட்டுவிடலாம்

இதில் நிதானமாக யோசியுங்கள். முந்தானை இடது தோளில் விழுகிறது. அதனால் இடது ஷோல்டரிலும் இடது முன்பக்கத்திலும் உள்ள சின்னச் சின்னக் கோணல்கள் யார் கண்ணிலும் படாது. முதுகின் நடுவில் ஜடையும் பூவும் வரும். மாலை விழுந்ததும் முன்கழுத்தில் பாதி மறைந்துவிடும். வெளியே தெரிவது வலது கை, வலது ஷோல்டர், பின்கழுத்தின் இரண்டு ஓரம், இடுப்புப் பட்டி.

ஆகவே இரண்டே கேள்வி: இது போட்டோவில் தெரியுமா? இதனால் கை தூக்கவோ மூச்சு விடவோ கஷ்டமா? இரண்டுக்கும் இல்லை என்றால் அதைத் தொடாதீர்கள். பிரித்துத் தைக்கத் தைக்கப் பட்டில் ஊசித் துளைகள்தான் கூடும்.

படி 3: இறுக்கமாக இருந்தால்

பக்கவாட்டுத் தையலைத் திருப்பிப் பாருங்கள். நம் ஊர் டெய்லர்கள் பொதுவாக அங்கே இரண்டு மூன்று வரிசை தையல் போட்டு, ஒரு இன்ச் அளவுக்கு உள்துணியும் விட்டிருப்பார்கள். பின்னால் உடம்பு போட்டால் பிரித்துக்கொள்ளத்தான் இந்த ஏற்பாடு. உடம்பை ஒட்டி இருக்கும் முதல் வரிசையை மட்டும் பிரித்தால் அடுத்த வரிசை தாங்கிக்கொள்ளும். புதிதாக ஒரு தையல்கூடப் போட வேண்டியதில்லை.

எவ்வளவு கிடைக்கும்? வரிசைகளுக்கு நடுவே கால் இன்ச் இடைவெளி என்று வையுங்கள். ஒரு பக்கத் தையலில் முன்துணி, பின்துணி இரண்டிலும் கால் இன்ச் விடுபடுகிறது, அதாவது அரை இன்ச். இரண்டு பக்கமும் சேர்த்தால் மார்புச் சுற்றளவில் முழுசாக ஒரு இன்ச். கையில் ஒரே ஒரு தையல்தான் என்பதால் அங்கே அரை இன்ச் கிடைக்கும்.

பிரிக்கும்போது நாலைந்து தையலுக்கு ஒரு தடவை நூலை அறுத்து, மறுபக்கத்து நூலை மெதுவாக இழுங்கள். மொத்தமாகப் பிடித்து இழுத்தால் பட்டு சுருங்கும். பழைய துளைகள் தெரிந்தால், துணியைத் திருப்பிப் போட்டு, மேலே பருத்தித் துணி விரித்து, இஸ்திரிப் பெட்டியைக் குறைந்த சூட்டில் வைத்து அழுத்துங்கள். தண்ணீர் தெளிக்காதீர்கள், பட்டில் கறை நிற்கும். கல்லும் மணியும் உள்ள இடத்தில் இஸ்திரியே வேண்டாம்.

இன்னும் கொஞ்சம்தான் வேண்டும் என்றால் கொக்கியைக் கால் இன்ச் தள்ளித் தையுங்கள், போதும்.

கை தூக்கும்போது பிளவுஸ் முழுவதும் மேலே ஏறுகிறதா? அக்குள் வெட்டு கீழே இறங்கியிருக்கிறது என்று அர்த்தம். பக்கத்தைப் பிரித்து இதைச் சரிசெய்ய முடியாது. அக்குளில் ஒரு சதுரத் துண்டு வைக்க வேண்டும். மிச்சத் துணியில் 3 இன்ச் சதுரம் வெட்டுங்கள். அக்குளிலிருந்து கையின் அடிப்பக்கத் தையலை 2 இன்ச், உடம்பின் பக்கத் தையலை 2 இன்ச் பிரியுங்கள். சதுரத்தின் எதிரெதிர் முனைகள் இரண்டும் பிரித்த இடத்தின் இரண்டு கடைசியிலும், மற்ற இரண்டு முனைகள் முன் அக்குள் தையலிலும் பின் அக்குள் தையலிலும் வரும்படி, சுற்றிலும் அரை இன்ச் உள்ளே விட்டுக் குண்டூசி குத்திக்கொள்ளுங்கள். முதலில் ஓட்டுத்தையல் (ஊசியை மேலும் கீழுமாக ஓட்டிப் போடும் தளர்வான தையல்) போட்டு அணிந்து பாருங்கள். கை தாராளமாக ஏறினால் அதன் மேல் நெருக்கமாகப் பின்தையல் (ஒவ்வொரு தடவையும் ஊசியைக் கொஞ்சம் பின்னால் கொண்டுவந்து குத்தும் உறுதியான தையல்) போடுங்கள். கை கீழே இருக்கும்போது இந்தத் துண்டு இருப்பதே தெரியாது.

படி 4: தொளதொளவென்று இருந்தால்

இது சுலபம். இரண்டு பக்கமும் சம அளவு பிடித்து, ஓட்டுத்தையல் போட்டு, அணிந்து பார்த்து, அப்புறம் பின்தையல் போடுங்கள். உள்துணியை வெட்டாதீர்கள். கல்யாணம் முடிந்த கையோடு உடம்பு போடுகிறவர்கள்தான் அதிகம்.

படி 5: ஷோல்டர் இறங்கினால், கழுத்து விரிந்தால்

பின்கழுத்தில் கயிறு இருந்தால் அதைச் சற்று மேலே நகர்த்தித் தைத்து இறுக்கிக் கட்டினாலே பாதி சரியாகும். கயிறு இல்லையென்றால் புதிதாக வைக்கலாம், குஞ்சமும் சேர்த்துக்கொண்டால் அழகாகவே இருக்கும். உள்பக்கம் ஷோல்டர் தையலில் சின்ன நாடா ஒன்றைத் தைத்து, அதன் மறுமுனையில் அழுத்தும் பொத்தான் வைத்து உள்ளாடைப் பட்டையோடு சேர்த்துவிட்டால் ஷோல்டர் நகராது.

கழுத்தை அதிகமாக வெட்டிவிட்டார்கள் என்றால் துணி சேர்த்தே ஆக வேண்டும். முதலில் டெய்லரிடம் மிச்சத் துணி கேளுங்கள். அங்கே இல்லையென்றால் சேலையின் உள்முனை இருக்கிறது. இடுப்பில் முதலில் சொருகும் பக்கம் அது. அங்கிருந்து 3 இன்ச் பட்டை எடுத்தால் வெளியே தெரியாது. ஆனால் கூரைச்சேலையில் கத்தரி வைப்பதைச் சில வீடுகளில் விரும்ப மாட்டார்கள், பெரியவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுச் செய்யுங்கள். கழுத்து ஓரத்தில் ஆரி வேலை இருந்தால் புதுத் துணியை உள்பக்கமாக வைத்துக் கையால் தைக்க வேண்டும், வேலைப்பாட்டின் மேல் மடிக்கக் கூடாது.

படி 6: ஆரி வேலைப்பாட்டில் கை வைக்கும் முன்

ஆரி என்பது சங்கிலித் தையல். ஒரு கண்ணி அறுந்து நூல் இழுபட்டால் வரிசை முழுவதும் மளமளவென்று உருவிக்கொண்டு வந்துவிடும். கோத்த மணிகளும் கூடவே கொட்டும். அதனால் வேலைப்பாடு வரும் இடத்தில் வெட்டவோ பிரிக்கவோ வேண்டியிருந்தால், வெட்டும் இடத்துக்கு இரண்டு பக்கமும் உள்பக்கத்தில் முதலில் முடிச்சுப் போட்டுக் கட்டுங்கள். பிறகு வெட்டுங்கள். மணி உள்ள இடத்தில் மெஷின் ஓட்டினால் ஊசி உடையும், கைத்தையல்தான் சரி. ஜர்தோசி (ஜரிகைக் கம்பி வேலை) அடர்த்தியாக இருந்தால் நீங்கள் தொடாதீர்கள், போட்டவரிடமே கொண்டுபோங்கள்.

படி 7: டெய்லரிடம் திரும்பப் போகும்போது

அவர் கடையில் சீசன் நேரத்தில் மலைபோல் துணி குவிந்திருக்கும். சத்தம் போட்டால் வேலை நடக்காது, ஆனால் பிளவுஸைக் கொடுத்துவிட்டு வரவும் கூடாது. அங்கேயே போட்டுக் காட்டுங்கள். "லூஸா இருக்கு" என்று மட்டும் சொன்னால் அவருக்கு எதுவும் விளங்காது. "அக்கா, கை தூக்கினா இங்க பிடிக்குது, அக்குள்ல அரை இன்ச் விட்டுக் கொடுங்க" என்று பின் குத்திய இடத்தைத் தொட்டுக் காட்டுங்கள். முடிகிற வரை உட்கார்ந்திருந்து, மறுபடி போட்டுப் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள். அவர் தைத்த தவறைச் சரிசெய்யத் தனியாகக் காசு கேட்டால், தவறு யாருடையது என்பதைப் பணிவாகவே சொல்லலாம். அதில் கூச்சப்பட ஒன்றுமில்லை.

எதுவுமே சரிவரவில்லை என்றால், ரெடிமேடில் இழுபடும் துணியில் தைத்த பிளவுஸ் கிடைக்கிறது. சேலைக் கரையின் நிறத்திலோ தங்க நிறத்திலோ ஒன்று எடுத்துவையுங்கள். பட்டோடு நன்றாகவே சேரும்.

படி 8: மண்டபத்துக்கு எடுத்துப்போக வேண்டியவை

அதே நிற நூல் கோத்த ஊசி இரண்டு, நாலு கொக்கி, சின்ன சேஃப்டி பின் ஒரு அட்டை, இரண்டு பக்கமும் ஒட்டும் துணி டேப். இவற்றை ஒரு சின்னப் பையில் போட்டு, முகூர்த்தம் முடியும்வரை மணப்பெண்ணின் பக்கத்திலேயே நிற்கப்போகும் தங்கையிடமோ தோழியிடமோ கொடுங்கள். அம்மாவிடம் கொடுக்காதீர்கள், அவருக்கு அன்று ஆயிரம் வேலை.

சாயங்காலம் உடை மாற்றும்போது குத்திய பின்களை எல்லாம் எடுத்துவிடுங்கள். வியர்வை பட்ட பின் பட்டிலேயே கிடந்தால் துருக்கறை பிடிக்கும், அது எளிதில் போகாது. பிளவுஸை உள்பக்கம் வெளியே வரும்படி திருப்பி, நிழலில் காற்றாட உலர்த்தி, பருத்தித் துணியில் சுற்றி வையுங்கள்.