சுஷ்பீரு: போர்த்துகீசிய வெண்கரு இனிப்பைப் பழத்தோடு வீட்டில் செய்யும் முறை

லிஸ்பன் நகரத்து இனிப்புக் கடைகளின் கண்ணாடி அலமாரியில் மஞ்சள் நிறம்தான் அதிகம் கண்ணில் படும். முட்டையின் மஞ்சள்கருவையும் சர்க்கரையையும் வைத்து எத்தனை விதமாக இனிப்புச் செய்யலாமோ, அத்தனையையும் போர்த்துகீசியர்கள் செய்திருக்கிறார்கள். அந்த மஞ்சளுக்கு நடுவே கைப்பிடி அளவில், வெள்ளையாகவோ இளம் பழுப்பாகவோ அடுக்கி வைத்திருப்பார்கள் சுஷ்பீருவை. வெண்கரு, சர்க்கரை, கொஞ்சம் எலுமிச்சை, வேறொன்றும் கிடையாது. கடித்தால் மேல் ஓடு நொறுங்கும், உள்ளே லேசாக இழுக்கும்.

அந்நாட்டு இனிப்புகளில் பல கன்னியர் மடங்களில் பிறந்தவை. துறவு உடைகளுக்குக் கஞ்சி போடவும் ஒயினைத் தெளியவைக்கவும் வெண்கரு செலவானதால் மஞ்சள்கரு மலைபோல் மிஞ்சியது, அதில் பிறந்தவையே அந்த மஞ்சள் இனிப்புகள் என்று வழிவழியாகச் சொல்கிறார்கள். 1834இல் துறவு மடங்கள் கலைக்கப்பட்ட பிறகு, மடத்துச் சமையல் ஊருக்குள் இறங்கியது. லிஸ்பனின் பெலெம் பகுதியில் 1837இல் தொடங்கிய கஸ்டர்ட் டார்ட் கடை இன்றும் நடக்கிறது. வீட்டுச் சமையலறையில் கஞ்சி போட உடையும் இல்லை, தெளியவைக்க ஒயினும் இல்லை. மஞ்சள்கரு இனிப்புச் செய்கிற நாளில் வெண்கரு அப்படியே மிஞ்சும். அதற்கு வழிதான் சுஷ்பீரு. ஆகவே இரண்டையும் ஒரே நாளில் செய்யும்படி இந்தச் செய்முறையை அமைத்திருக்கிறேன். நான்கு முட்டையில் ஒரு சொட்டும் வீணாகாது.

நமக்கும் இது அந்நியமான சமையல் அல்ல. தூத்துக்குடி மக்ரூனும் வெண்கருவையும் சர்க்கரையையும் நுரைத்து, முந்திரித்தூள் சேர்த்து, மெல்லிய சூட்டில் உலர்த்துவதுதான். 1658இல் டச்சுக்காரர்கள் கைப்பற்றும்வரை அந்தத் துறைமுகம் போர்த்துகீசியர் வசம் இருந்தது. முந்திரியை பிரேசிலிலிருந்து இந்தியாவுக்குக் கொண்டுவந்தவர்களும் அவர்களே.

தேவையானவை

முட்டை நான்கு. வெண்கருவின் எடையைப் போல இரு மடங்கு சர்க்கரை. நம் ஊர் முட்டை ஒன்றில் ஏறக்குறைய 30 கிராம் வெண்கரு இருக்கும், ஆகவே நான்குக்கு 120 கிராம் வெண்கரு, 240 கிராம் சர்க்கரை. முட்டைக்கு முட்டை அளவு மாறும் என்பதால் தராசில் நிறுத்துக்கொள்வதே நல்லது. எலுமிச்சைச் சாறு ஒரு தேக்கரண்டி, ஒரு எலுமிச்சையின் தோலைத் துருவியது. சர்க்கரையை மிக்ஸியில் ஒரு சுற்று விட்டு, நைசான ரவை பதத்துக்குக் கொண்டுவந்தால் போதும். கடையில் விற்கும் ஐசிங் சர்க்கரையில் சோள மாவு கலந்திருக்கும். அது இங்கே வேண்டாம்.

மஞ்சள்கருப் பாகுக்குத் தனியாக 100 கிராம் சர்க்கரை, 50 மில்லி தண்ணீர், ஒரு சிறு பட்டைத் துண்டு, எலுமிச்சைத் தோல் ஒரு கீற்று. மேலே வைக்கப் புளிப்பான பழங்கள். விரும்பினால் 200 மில்லி விப்பிங் கிரீம். 25 சதவீதக் கொழுப்புள்ள சாதாரண ஃபிரெஷ் கிரீம் அடித்தால் கெட்டிப்படாது. 35 சதவீதமாவது இருக்க வேண்டும்.

கருவைப் பிரித்தல்

முட்டையைக் குளிர்சாதனப் பெட்டியிலிருந்து எடுத்த உடனேயே பிரியுங்கள். குளிர்ந்த மஞ்சள்கரு எளிதில் உடையாது. மூன்று கிண்ணங்கள் வேண்டும். ஒவ்வொரு முட்டையையும் முதலில் சிறிய கிண்ணத்தின் மேல் உடைத்து, வெண்கரு சுத்தமாக விழுந்தது என்று பார்த்த பிறகே பெரிய பாத்திரத்துக்கு மாற்றுங்கள். மஞ்சள்கரு மூன்றாவது கிண்ணத்துக்கு. நான்காவது முட்டையின் மஞ்சள்கரு உடைந்து மற்ற மூன்றையும் கெடுக்காமல் இருக்க இதுதான் வழி.

இந்த அளவு கறார் ஏன் என்றால், வெண்கருவை அடிக்கும்போது அதிலுள்ள புரதங்கள் விரிந்து, ஒன்றோடொன்று கைகோத்து, காற்றுக் குமிழிகளைச் சுற்றிச் சுவர் எழுப்புகின்றன. மஞ்சள்கருவில் உள்ள கொழுப்பு அந்தச் சுவரில் புகுந்து இடத்தைப் பிடித்துக்கொள்ளும், நுரை எழும்பாது. பாத்திரத்தில் ஒட்டியிருக்கும் எண்ணெய்ப் பிசுக்கும் அதையே செய்யும். பிளாஸ்டிக் பாத்திரம் எத்தனை முறை கழுவினாலும் பிசுக்கை விடாது. எவர்சில்வர் அல்லது கண்ணாடிப் பாத்திரத்தை எடுத்து, எலுமிச்சை மூடியால் உட்புறத்தைத் தேய்த்து, துடைத்து, ஈரமில்லாமல் வைத்துக்கொள்ளுங்கள்.

பிரித்த வெண்கருவை அரை மணி நேரம் மூடி வெளியே வையுங்கள். குளிர் விட்ட வெண்கரு நன்றாக எழும்பும்.

அடித்தல்

இந்த இனிப்பின் உயிர் இங்கேதான் இருக்கிறது. அவசரப்படாமல் செய்யுங்கள்.

மின்சார பீட்டரை நடுத்தர வேகத்துக்கும் குறைவாக வைத்துத் தொடங்குங்கள். முதலில் பெரிய பெரிய குமிழிகள் வரும், அடியில் இன்னும் மஞ்சளாகத் திரவம் தெரியும். ஒரு நிமிடத்தில் குமிழிகள் சிறுத்து, முழுவதும் வெண்மையான நுரையாகும். இப்போது எலுமிச்சைச் சாற்றை விடுங்கள். புரதங்கள் அளவுக்கு மீறி இறுகித் திரிந்துபோவதைப் புளிப்பு தடுக்கும். வேகத்தைக் கொஞ்சம் கூட்டி, பீட்டரைத் தூக்கினால் நுரை எழுந்து நுனி வளைந்து சாய்கிற நிலைவரை அடியுங்கள்.

இனிதான் சர்க்கரை, ஒரு மேசைக்கரண்டியாக. ஒரு கரண்டி போட்டு, பதினைந்து இருபது விநாடி அடித்து, பிறகு அடுத்தது. முன்கூட்டியே போட்டால் நுரை எழ வெகுநேரமாகும். மொத்தமாகக் கொட்டினால் நுரை அமுங்கும், சர்க்கரையும் முழுதாகக் கரையாது. மொத்தச் சர்க்கரையும் உள்ளே போகப் பத்து நிமிடம் ஆகும். கை வலித்தால் நிறுத்தி நிறுத்திச் செய்யலாம்.

சர்க்கரை ஏற ஏற, உலர்ந்த நுரையாக இருந்தது கனத்துப் பளபளக்கத் தொடங்கும். பீட்டர் ஓடும் தடம் மறையாமல் வரிவரியாக நிற்கும். ஒரு சிட்டிகை எடுத்துக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையில் தேய்த்துப் பாருங்கள். நறநறவென்று தட்டுப்பட்டால் இன்னும் இரண்டு நிமிடம் அடிக்க வேண்டும். கரையாத சர்க்கரை ஓவன் சூட்டில் பாகாகி, ஓட்டின் மேல் முத்து முத்தாகக் கசியும். வழவழப்பாக இருந்தால் பதம் சரி. பீட்டரைத் தூக்கினால் நுனி சாயாமல் நிமிர்ந்து நிற்க வேண்டும். எலுமிச்சைத் தோல் துருவலைத் தூவி, கரண்டியால் இரண்டு முறை புரட்டுங்கள். பிறகு கலவையைக் காத்திருக்க வைக்காதீர்கள்.

கூடு அமைத்தல், உலர்த்துதல்

ஓவனை 100 டிகிரி செல்சியஸில், மேலும் கீழும் சூடு வருமாறு வையுங்கள். விசிறி ஓடும் ஓவன் என்றால் 90 போதும். தட்டில் பேக்கிங் தாளை விரித்து, நான்கு மூலையிலும் கலவையைப் பொட்டுப் பொட்டாக வைத்து ஒட்டிவிட்டால் தாள் நகராது.

கடைகளில் சுஷ்பீரு குவியலாகத்தான் இருக்கும். பழம் வைக்கப் போவதால் நாம் கூடு போலச் செய்கிறோம். இரண்டு மேசைக்கரண்டி அளவு கலவையை வைத்து, கரண்டியின் முதுகால் நடுவில் அழுத்திச் சுழற்றினால் குழியும் கரையும் வந்துவிடும். எட்டு சென்டிமீட்டர் அகலம் அளவாக இருக்கும். எட்டு முதல் பத்துக் கூடுகள் கிடைக்கும். பைப்பிங் பை இருந்தால் அழகாக வரும், ஆனால் கரண்டியால் செய்த கரடுமுரடான கரைதான் எனக்குப் பிடிக்கும். மேடுபள்ளங்களில் நிறம் மாறி மாறி ஏறும், கடிக்கும்போதும் மொறுமொறுப்பு கூடும்.

ஒன்றரை மணி நேரம் உள்ளே இருக்கட்டும். நாம் இதை வேகவைப்பதைவிட உலர்த்துகிறோம் என்று நினைத்துக்கொண்டால் பாதிக் குழப்பம் தீரும். கதவைத் திறந்து பார்க்காதீர்கள். சிறிய ஓவன்களில் குமிழ் 100 என்று காட்டும்போது உள்ளே 120, 130 இருப்பதுண்டு. அரை மணி நேரத்திலேயே பழுப்பு ஏறினால் சூடு அதிகம் என்று பொருள், குறைத்துவிடுங்கள். ஓவனுக்குள் வைக்கும் சிறு வெப்பமானி ஒன்று வாங்கி வைத்துக்கொண்டால் கேக்குக்கும் உதவும்.

கூடு தாளிலிருந்து தானாகக் கழன்று வந்தால் உலர்ந்துவிட்டது. ஓவனை அணைத்து, கதவிடுக்கில் மரக்கரண்டியைச் செருகி, உள்ளேயே முழுதாக ஆறவிடுங்கள். சட்டென்று வெளியே எடுத்தால் ஓடு விரிசல் விடும். உள்ளே கொஞ்சம் இழுவை வேண்டுமென்றால் பதினைந்து நிமிடம் முன்பே அணைத்துவிடலாம். நான் அப்படித்தான் செய்கிறேன்.

மழை பெய்யும் நாளில் இதைத் தொடங்க வேண்டாம். சர்க்கரை காற்றின் ஈரத்தை இழுத்துக்கொள்ளும், ஆறுவதற்குள் ஓடு பிசுபிசுக்கும். கடலோர ஊர்களில் வெயில் நாளிலும் ஆறியவுடன் காற்றுப்புகாத டப்பாவில் அடைத்துவிட வேண்டும். அடைத்து வைத்தால் ஒரு வாரம் தாங்கும். குளிர்சாதனப் பெட்டி மட்டும் கூடாது.

மஞ்சள்கருப் பாகு

ஓவன் தன் வேலையைப் பார்க்கும்போது இதை முடித்துவிடலாம். போர்த்துகலில் இதற்கு டோஸ் டி ஓவுஷ் என்று பெயர். கேக்குக்கு நடுவே பூசுவார்கள், கரண்டியால் வழித்தும் சாப்பிடுவார்கள். அவெய்ரு நகரத்தின் புகழ்பெற்ற இனிப்பும் இதன் நெருங்கிய உறவுதான், மெல்லிய அப்பத் தாளால் செய்த சிப்பிக்குள் மஞ்சள்கருப் பாகை நிரப்பித் தருவார்கள்.

சர்க்கரை, தண்ணீர், பட்டை, எலுமிச்சைத் தோல் எல்லாவற்றையும் அடுப்பில் வைத்து ஒற்றைக் கம்பிப் பாகாகக் காய்ச்சுங்கள். அங்கேயும் பாகின் பதத்தைக் கம்பி இழுக்கிறதா, முத்துப்போல் திரள்கிறதா என்றுதான் பார்ப்பார்கள், அதிரசத்துக்குப் பாகு வைத்துப் பழகிய கைக்கு இது ஒரு வேலையே இல்லை. இறக்கி, பட்டையையும் தோலையும் எடுத்துவிட்டு, ஐந்து நிமிடம் சூடு தணியவிடுங்கள். கொதிக்கும் பாகை விட்டால் மஞ்சள்கரு திரிந்து பொரியலாகிவிடும். கலக்கி வைத்த மஞ்சள்கருவில் பாகை நூல்போல் ஊற்றிக்கொண்டே கிளறுங்கள். பிறகு மீண்டும் அடுப்பில், மிகச் சிறிய தீயில், மரக்கரண்டியால் அடியைத் துழாவியபடி கெட்டிப்படுத்துங்கள். கரண்டி போன இடத்தில் பாத்திரத்தின் அடி ஒரு நொடி தெரிந்தால் இறக்கிவிடலாம். கொதிக்கவிடக் கூடாது. ஆறும்போது இன்னும் இறுகும்.

பழம்

சர்க்கரை ஓட்டின் மேல் சர்க்கரைப் பாகு. இதற்கு எதிரே நிற்கக்கூடிய பழம் வேண்டும். ஆகவே புளிப்பைத் தேடுங்கள். நன்கு கனிந்த மாம்பழமும் வாழைப்பழமும் வேறு இடத்தில் அருமை, இங்கே திகட்டும்.

என் முதல் தேர்வு பேஷன் ஃப்ரூட். போர்த்துகலைச் சேர்ந்த அசோர்ஸ், மதீரா தீவுகளில் செழிப்பாக விளைகிற பழம். கொடைக்கானலிலும் நீலகிரியிலும் கிடைக்கிறது. தோல் சுருங்கிய பழமாகப் பாருங்கள், அதில்தான் வாசனை முழுமையாக ஏறியிருக்கும். இரண்டாக வெட்டி, விதையோடு கூழை வழித்தெடுத்தால் வேலை முடிந்தது. ஸ்ட்ராபெர்ரியை நறுக்கி, ஒரு தேக்கரண்டி சர்க்கரையும் சில சொட்டு எலுமிச்சைச் சாறும் சேர்த்துக் கால் மணி நேரம் ஊறவிட்டு, சாற்றை வடித்து வையுங்கள். அந்தச் சாறு கூட்டுக்குள் இறங்கினால் ஓடு கரையும். தனிக் கிண்ணத்தில் வைத்துப் பரிமாறலாம். ஆரஞ்சுச் சுளையைத் தோலும் விதையும் நீக்கிப் போடலாம். மாதுளை முத்து நிறத்துக்கு நல்லது, புளிப்புக்குப் போதாது.

அன்னாசிக்கு மட்டும் ஒரு சொல். அசோர்ஸின் சாவ் மிகெல் தீவில் 19ஆம் நூற்றாண்டிலிருந்து கண்ணாடிக் கூடாரங்களுக்குள் அன்னாசி வளர்க்கிறார்கள், ஆகவே இந்த இனிப்புக்கு அது பொருத்தமான பழமே. ஆனால் சமைக்காத அன்னாசியில் புரதத்தைச் சிதைக்கும் நொதி உண்டு. பால் கிரீமோடு சேர்ந்து சற்று நேரம் இருந்தால் கசக்கும். நறுக்கிய துண்டுகளை அதன் சாற்றிலேயே ஐந்து நிமிடம் கொதிக்கவைத்து ஆறவிட்டால் அந்தத் தொல்லை இல்லை.

அடுக்குதல்

எல்லாவற்றையும் தனித்தனியே தயாராக வைத்து, சாப்பிட உட்காரும் நேரத்தில்தான் சேர்க்க வேண்டும். கூட்டின் குழியில் ஒரு தேக்கரண்டி மஞ்சள்கருப் பாகு. அதற்கு மேல் சர்க்கரை சேர்க்காமல் அடித்த கிரீம், சேர்ப்பதானால். கொழுப்பு உள்ளே இருப்பதால் பழத்தின் ஈரம் ஓட்டைத் தொடக் கொஞ்சம் தாமதமாகும். பாகையோ கிரீமையோ இரண்டில் ஒன்று மட்டும் வைத்தாலும் குறையில்லை. கடைசியாகப் பழத்தைத் தாராளமாக, கரைக்கு மேலே எழும்பும்படி வையுங்கள். கால் மணி நேரத்துக்குள் சாப்பிட்டுவிட வேண்டும்.

ஓவன் இல்லாதவர்களுக்கு

அதே வெண்கருவைக் கொண்டு ஃபரோஃபியாஷ் செய்யுங்கள். இது போர்த்துகீசிய வீடுகளில் பாட்டிமார் செய்யும் இனிப்பு. வெண்கருவை முன்போலவே அடியுங்கள், ஆனால் நான்கு முட்டைக்கு 80 கிராம் சர்க்கரை போதும். அரை லிட்டர் பாலில் எலுமிச்சைத் தோலும் பட்டையும் போட்டு, கொதி வராமல் ஆவி மட்டும் பறக்கும் நிலையில் வைத்து, வெண்கரு நுரையைக் கரண்டி கரண்டியாக மிதக்கவிடுங்கள். அது உப்பும், ஒரு நிமிடத்தில் திருப்பிப் போடுங்கள், இன்னொரு நிமிடத்தில் எடுத்து வடிதட்டில் வையுங்கள். கொதிக்கும் பாலில் போட்டால் பெரிதாக உப்பி, எடுத்தவுடன் சுருங்கிவிடும்.

மிஞ்சிய பாலை வடிகட்டி, நான்கு மஞ்சள்கரு, 70 கிராம் சர்க்கரை, ஒரு தேக்கரண்டி சோள மாவு கலந்து சிறு தீயில் கரண்டியில் படியும் பதத்துக்குக் காய்ச்சி, உருண்டைகளின் மேல் ஊற்றிக் குளிரவையுங்கள். மேலே பட்டைத்தூள் தூவுவது அங்கே மரபு. பக்கத்தில் வடித்த ஸ்ட்ராபெர்ரியோ ஆரஞ்சுச் சுளையோ வைப்பது என் விருப்பம். பேஷன் ஃப்ரூட் கூழைப் பாலின் மேல் நேரடியாக ஊற்ற வேண்டாம், அதன் புளிப்பு பாலைத் திரியவைக்கலாம். தனிக் கிண்ணத்தில் கொடுங்கள்.