புல்டோசர் வந்த பிறகு கேமராவைத் தூக்காதீர்கள்

மலேசியாவின் பினாங்கில் ஒரு கம்பத்தைப் (கிராமத்தைப்) பற்றியோ பழைய தெருவைப் பற்றியோ ஆவணப்படம் எடுக்கக் கிளம்புகிறவர்கள் பெரும்பாலும் பிந்தித்தான் போகிறார்கள். வீடு உடைக்கும் தேதி பத்திரிகையில் வந்தபின்தான் கேமரா பையைவிட்டு வெளியே வருகிறது. 2009இல் குளுகோர் பக்கம் கம்போங் புவா பாலா இடிக்கப்பட்டது. மாடு வளர்த்த தமிழர்கள் தலைமுறைகளாக இருந்த ஊர் அது. புல்டோசரும் அழுகையும் எந்த ஊருக்கும் பொருந்தும். விடியற்காலையில் கொட்டகையில் யார் பால் கறந்தார்கள், அது எந்தத் தாமானுக்கு (குடியிருப்புப் பகுதிக்கு) போனது, மாடு எங்கே மேய்ந்தது என்பதெல்லாம் அந்த ஊருக்கே உரியவை. ஊர் நிற்கும்போதே போனால்தான் இவை கிடைக்கும்.

அடுத்தது, காரணத்தை அவசரப்பட்டு முடிவு செய்வது. பினாங்கின் தலைநகரான ஜார்ஜ்டவுனில் குடியிருந்தவர்கள் குறைந்ததற்கு 2008இல் கிடைத்த யுனெஸ்கோ உலகப் பாரம்பரிய அங்கீகாரத்தை மட்டும் கைகாட்டுவது எளிது. ஆனால் 1966இல் வந்த வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் பின்னாளில் ரத்தாகி, 2000 பிறந்ததும் அதன் பாதுகாப்பு முழுதாகப் போய்விட்டது. வாடகை ஏறியதால் வெளியேறியவர்கள் பலர். இந்தக் கதை படத்தில் இல்லாவிட்டால், ஹோட்டலாக மாறிய கடைவீட்டை எவ்வளவு அழகாகப் படமெடுத்தும் பயனில்லை.

கோயில் தலைவரிடம் மைக்கை நீட்டிவிட்டு ஊரே பேசியதாக நினைக்கவேண்டாம். அவர் நன்றாகப் பேசுவார், அதுதான் சிக்கலே. நிலப் பட்டா வைத்திருப்பவர், வாடகைக்கு இருப்பவர், நஷ்டஈட்டை வாங்கிக்கொண்டு போய்விடலாம் என்று நினைக்கும் மருமகள் என ஆளுக்கொரு கணக்கு இருக்கும். மருமகளின் கணக்கு, மாமனார் கடைக்குப் போனபிறகு அடுப்படியில்தான் வெளியே வரும்.

“எடுத்துக்குங்க தம்பி” என்று பாட்டி சொன்னதை அனுமதியாக எடுத்துக்கொள்வதுதான் எனக்கு மிகவும் உறுத்துவது. இது யூடியூபில் வரும், பேரப்பிள்ளையின் முதலாளியும் பார்ப்பார் என்று தமிழில் விளக்குங்கள். வழக்கு நடந்தால் அவர்களுடைய வக்கீலிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். கேமரா முன் உணர்ச்சிவசப்பட்டுச் சொன்னது எதிர்த்தரப்பு கையில் சிக்கலாம். சிவப்பு அடையாள அட்டையோடு (நிரந்தரவாசிகளுக்கானது) குடியுரிமைக்கு அலைகிறவரின் முகத்தையும் வீட்டு எண்ணையும் காட்டும் முன் இரண்டு தடவை யோசியுங்கள்.

ஃபினாஸ் (தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகம்) உரிமம், டிரோன் அனுமதி இரண்டையும் முன்கூட்டியே விசாரித்துவிடுங்கள். டிரோனே இல்லாமல் படம் தொடங்கினாலும் ஒன்றும் குறைந்துவிடாது. சோக வயலினும் அப்படித்தான்.

பேட்டிக்கு நாற்காலி போடாமல் கூடவே நடந்து பாருங்கள். “இங்கதான் கிணறு” என்று காலால் தரையைத் தட்டிக் காட்டும்போது, உட்கார்ந்தால் வராத ஞாபகமெல்லாம் வரும். அதே இடத்தில், அதே உயரத்தில் கேமராவை வைத்து ஆறு மாதத்துக்கு ஒருமுறை எடுங்கள், தேதியையும் குறித்துவையுங்கள். திரைப்பட விழாவுக்கு அனுப்பும் முன் கோயில் மண்டபத்தில் அவர்களுக்கே போட்டுக் காட்டுங்கள். யார் வீட்டை யார் வீடென்று போட்டிருக்கிறீர்கள் என்று அங்கேயே சத்தம் போடுவார்கள். எடிட்டிங்கைத் திரும்பத் திறக்க அப்போது நேரம் இருக்கும்.