ஈவில் தொலையும் பூஜ்ஜியம்: மீதி வரும் வகுத்தலில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

வகுத்தல் கணக்கு தப்பினால் வீட்டில் விழும் முதல் அதட்டல், "வாய்ப்பாடு ஒழுங்கா படிச்சியா?" என்பதுதான். ஆனால் வாய்ப்பாட்டைத் தலைகீழாக ஒப்பிக்கும் பிள்ளையும் 1526-ஐ 5-ஆல் வகுத்து 'ஈவு 35, மீதி 1' என்று எழுதிவிடும்.

எப்படி? 15-இல் 5 மூன்று முறை போகிறது. அடுத்து 2-ஐ இறக்குகிறது பிள்ளை. 2-இல் 5 போகாது. உடனே பக்கத்திலிருக்கும் 6-ஐயும் இறக்கி, 26-இல் ஐந்து முறை என்று மேலே 5 போடுகிறது. போகாத அந்த 2-க்கு ஈவில் ஒரு 0 விழுந்திருக்க வேண்டும். சரியான விடை: ஈவு 305, மீதி 1.

"ஒரு இலக்கம் இறக்கினால் மேலே ஒரு இலக்கம் எழுது" என்று சொல்லிக்கொடுப்பது நல்லதுதான். ஆனால் காரணம் புரியாத விதி பரீட்சையில் மறந்துபோகும். ரூபாய் நோட்டை எடுத்து வையுங்கள். 15 நூறு ரூபாய் நோட்டு, 2 பத்து ரூபாய் நோட்டு, 6 ஒரு ரூபாய் நாணயம். ஐந்து பேருக்குப் பங்கு. நூறு ரூபாய் நோட்டு ஆளுக்கு 3. பத்து ரூபாய் நோட்டு இரண்டுதான் இருக்கிறது, ஒருவருக்கும் கொடுக்க முடியாது. பத்தின் இடத்தில் 0. அந்த இரண்டையும் நாணயமாக மாற்றினால் 20, இருக்கும் 6-உடன் 26. ஆளுக்கு 5 போக 1 மிச்சம்.

பூஜ்ஜியம் கடைசியில் வந்தால் இன்னும் எளிதாகத் தொலையும். 842 ÷ 4 கணக்கில் ஈவு 210, மீதி 2. 'ஈவு 21, மீதி 2' என்று எழுதும் பிள்ளைக்கு, இறக்கிய 2 அப்படியே மீதியாக நிற்பதால் வேலை முடிந்துவிட்டதாகத் தோன்றும். வகுக்கத் தொடங்கும் முன்பே 800-இல் 4 எத்தனை முறை என்று கேட்டுப் பழக்குங்கள். 200-க்கு மேல் வர வேண்டும் என்று தெரிந்தபின் 21 கண்ணை உறுத்தும். கட்டம் போட்ட நோட்டில் அந்தந்த இலக்கத்துக்கு நேர் மேலே ஈவை எழுதினாலும் காலிக் கட்டம் காட்டிக்கொடுத்துவிடும்.

அடுத்த தவறு, வகுக்கும் எண்ணைவிடப் பெரிய மீதி. 95 ÷ 7 கணக்கில், 25-இல் 7 மூன்று முறை போகும். இரண்டே முறை என்று நிறுத்தினால் 'ஈவு 12, மீதி 11' என்று வரும். இதில் ஒரு பொறி இருக்கிறது: 7 × 12 + 11 = 95. சரிபார்த்தாலும் சரியாகவே வரும்! ஆகவே பெருக்கிக் கூட்டிப் பார்ப்பது மட்டும் போதாது. மீதி 7-ஐவிடச் சிறியதா என்றும் பார்க்க வேண்டும். சில பிள்ளைகள் அந்த 11-ஐ மறுபடி 7-ஆல் வகுத்து, 12-க்குப் பக்கத்தில் 1 சேர்த்து 121 ஆக்கிவிடுவார்கள். அழித்துவிட்டு 2-ஐ 3 ஆக்கச் சொல்லுங்கள்.

வாக்கியக் கணக்கில் வகுத்தல் சரியாக இருந்தும் விடை தப்பும். சுற்றுலா போகும் 130 பேருக்கு, 12 பேர் உட்காரும் வேன் எத்தனை வேண்டும்? ஈவு 10, மீதி 10. விடை 11 வேன். மீதிப் பத்துப் பேரை வாசலிலேயே விட்டுவிட்டுப் போக முடியாதே. 100 ரூபாய்க்கு 8 ரூபாய் பேனா எத்தனை என்றால் 12-தான், மீதி 4 ரூபாய்க்குப் பேனா கிடையாது. இன்று செவ்வாய் என்றால் 100 நாள் கழித்து என்ன கிழமை? இங்கே ஈவு 14-ஐ யாரும் கேட்கவில்லை. மீதி 2-தான் வியாழன் என்று சொல்கிறது.

கொஞ்சம் பெரிய வகுப்பில், 17 ÷ 5-க்கு 'ஈவு 3, மீதி 2' என்பதை 3.2 என்று எழுதும் பழக்கம் வரும். 17 ரூபாயை ஐந்து பேருக்குப் பிரித்தால் ஆளுக்கு 3 ரூபாய் 40 காசு, 3.2 என்றால் 20 காசுதான் ஆகிறது. தசமப் புள்ளி வைத்து வகுக்கக் கற்கும்வரை 'மீதி 2' என்று எழுத்திலேயே எழுதட்டும்.