ஹாலிவுட் விபத்துக் கதைகள்: எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பழைய ஹாலிவுட் படப்பிடிப்புகளில் நடந்த விபத்துகளைப் பற்றித் தமிழில் இப்போது நிறையப் பேர் எழுதுகிறார்கள், வீடியோ போடுகிறார்கள். இந்த வேலையில் ரொம்ப நாளாக இருப்பவன் என்பதால், வெளியிடுவதற்கு முன் சிலர் என்னிடம் காட்டுகிறார்கள். படிக்கச் சந்தோஷமாகத்தான் இருக்கிறது. ஆனால் நாங்கள் எழுத வந்த புதிதில் எங்கெல்லாம் சறுக்கினோமோ, அதே இடங்களில்தான் இவர்களும் சறுக்குகிறார்கள். பெயரைத் தப்பாக எழுதுவது, வருஷத்தை மாற்றிப் போடுவது போன்றவற்றை விட்டுவிடுகிறேன். அவற்றை வாசகர்களே திருத்திவிடுவார்கள். யாரும் திருத்தாமல் காலம் காலமாக ஓடிக்கொண்டிருக்கும் தவறுகள்தான் இங்கே.

இல்லாத பிணத்தைத் தேடுவது

இதைப் பற்றிக் கொஞ்சம் நீளமாகவே சொல்ல வேண்டும். இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வருவது இதில்தான்.

1939-இல் வந்த ‘தி விசார்ட் ஆஃப் ஓஸ்’ படத்தில் டோரதி, வைக்கோல் பொம்மை, தகர மனிதன் மூவரும் மஞ்சள் செங்கல் பாதையில் கைகோத்து ஆடிக்கொண்டே போகும் காட்சி ஒன்று உண்டு. பின்னணியில், மரங்களுக்கு நடுவே ஏதோ அசையும். மஞ்ச்கின்களாக நடித்த உயரம் குறைந்த நடிகர்களில் ஒருவர் தூக்குப் போட்டுக்கொண்டார், அது கேமராவில் பதிவாகிவிட்டது, ஸ்டுடியோ மறைத்துவிட்டது என்று ஒரு கதை. 1980களின் கடைசியில், படம் வீடியோ கேசட்டாக வீடு வீடாகப் போன சமயத்தில் இது பரவியது.

அது ஒரு பறவை. காட்டு செட்டுக்கு உயிர் வரட்டும் என்று எம்.ஜி.எம். ஸ்டுடியோ லாஸ் ஏஞ்சல்ஸ் விலங்குக் காட்சிச் சாலையிலிருந்து சில பெரிய பறவைகளை வாடகைக்கு வாங்கி அங்கே உலவவிட்டிருந்தது. அதில் ஒன்று சிறகை விரிக்கிறது. நல்ல பிரதியில் பார்த்தால் சந்தேகமே வராது. இன்னொன்று, அந்தக் காட்சி எடுக்கப்பட்டபோது மஞ்ச்கின் காட்சிகளின் படப்பிடிப்பே தொடங்கவில்லை. அந்த நடிகர்கள் செட்டுக்கு வந்ததே அதற்குப் பிறகுதான்.

சமீபத்தில் ஒரு கல்லூரி மாணவர் இதை வைத்தே ஒரு வீடியோவுக்கு ஸ்கிரிப்ட் எழுதி அனுப்பியிருந்தார். முகப்புப் படத்தில் அந்த நிழலைச் சுற்றிச் சிவப்பு வட்டம். “தம்பி, அது பறவைப்பா” என்றேன். “தெரியும் சார். ஆனா பறவைன்னு போட்டா யார் சார் பார்ப்பாங்க?” என்றார்.

எனக்குக் கோபம் அவர் மேல் இல்லை. அதே ஸ்கிரிப்ட்டில், அந்தப் படத்தின் சூனியக்காரி மார்கரெட் ஹாமில்டனுக்கு இரண்டே வரி ஒதுக்கியிருந்தார். அவருக்கு டூப் போட்ட பெட்டி டாங்கோவின் பெயரே இல்லை. இந்தப் பொய்யால் வரும் நஷ்டம் அதுதான். சாகாத ஒருவருக்காகப் பார்வையாளர்கள் பத்து நிமிஷம் பதறுகிறார்கள். அதே படத்தில் உண்மையிலேயே வெந்தவர்களுக்கு இடம் இல்லாமல் போகிறது.

அந்த உண்மையைச் சொல்கிறேன். 1938 டிசம்பர் 23. சூனியக்காரியாக நடித்த ஹாமில்டன், மஞ்ச்கின் ஊரிலிருந்து புகையும் நெருப்புமாக மறைந்து போகும் ஷாட். தரையில் ஒரு ரகசியத் திறப்பு, அதற்குக் கீழே லிஃப்ட் போல இறங்கும் பலகை. முதலில் புகை எழும்பும், அதன் மறைவில் அவர் கீழே இறங்கிவிடுவார், அப்புறம் நெருப்பு. முதல் டேக் சரியாக வந்துவிட்டது. படத்தில் நாம் பார்ப்பது அதைத்தான். ஆனாலும் இன்னொன்று எடுத்தார்கள். இந்த முறை அவர் இறங்கி முடிப்பதற்குள் நெருப்பு கிளம்பிவிட்டது. தொப்பியும் துடைப்பமும் பற்றிக்கொண்டன. முகத்தில் இரண்டாம் நிலைத் தீக்காயம், கையில் மூன்றாம் நிலை.

அதைவிடக் கொடுமை அதற்குப் பிறகு. அவர் முகத்தில் இருந்த பச்சை மேக்கப்பில் தாமிரம் கலந்திருந்தது. வெந்த தோலில் அது தங்கினால் ஆபத்து. அதனால் தோல் உரிந்த இடத்தில் ஆல்கஹால் வைத்துத் துடைத்து எடுத்தார்கள். வேலைக்குத் திரும்ப அவருக்கு ஆறு வாரம் பிடித்தது. அப்போதும் கையில் மேக்கப் போட முடியவில்லை, பச்சைக் கையுறை மாட்டிக்கொண்டு நடித்தார். வழக்குப் போடவில்லை. போட்டால் இந்தத் தொழிலில் மறுபடி வேலை கிடைக்காது என்று அவருக்குத் தெரியும். விவாகரத்தாகி, மகனைத் தனியாக வளர்த்துக்கொண்டிருந்த அம்மா அவர். திரும்பி வர ஒரே ஒரு நிபந்தனைதான் வைத்தார்: இனி நெருப்பு வேலை கிடையாது.

அப்புறம் என்ன நடந்தது தெரியுமா? 1939 பிப்ரவரியில், வானத்தில் துடைப்பத்தால் புகை எழுத்து எழுதும் காட்சி. துடைப்பத்துக்குள் புகைக்குழாய் வைத்திருந்தார்கள். ஒன்றும் ஆகாது என்று ஹாமில்டனிடம் சொன்னார்கள். அதே நேரத்தில் தீப்பிடிக்காத துணியில் உடை தைத்து அளவு பார்க்கவும் வந்தார்கள். ஒன்றும் ஆகாது என்றால் இந்த உடை எதற்கு என்று அவர் மறுத்துவிட்டார். அவருக்கு டூப்பாக ஏறியவர் பெட்டி டாங்கோ. குழாய் வெடித்தது. காலில் பலத்த காயத்தோடு மருத்துவமனையில் கிடந்தார். மீதி ஷாட்டை இன்னொரு டூப்பை ஏற்றி எடுத்து முடித்தார்கள்.

இதற்கெல்லாம் முன்பே பட்டி எப்சன். தகர மனிதனாக முதலில் நடிக்கத் தொடங்கியவர் அவர்தான். மேக்கப்புக்கு மேலே அலுமினியத் தூளைத் தூவினார்கள். அது மூச்சோடு உள்ளே போய் நுரையீரலைப் பாதித்தது. ஒரு கட்டத்தில் மூச்சே விட முடியாமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனார்கள். அவர் இடத்துக்கு ஜாக் ஹேலி வந்தார். ஏன் ஆளை மாற்றினோம் என்று ஹேலியிடம் யாரும் சொல்லவில்லை. தூளுக்குப் பதிலாக அலுமினியப் பசை பூசினார்கள், அவ்வளவுதான். அந்தப் பசையும் ஹேலியின் கண்ணைப் பதம் பார்த்தது.

மூன்று பேர், மூன்று காயம். மூன்றுக்கும் காரணம் தெளிவாக இருக்கிறது: தூவிய தூள், முந்திய நெருப்பு, வெடித்த குழாய். எழுதுவதற்கு இவ்வளவு இருக்கும்போது அந்தப் பறவையை ஏன் தூக்கில் போட வேண்டும்?

அந்த மாணவரிடம் இதையெல்லாம் சொன்னேன். ஸ்கிரிப்ட்டைத் திருத்தி, டாங்கோவிலிருந்தே தொடங்கினார். சிவப்பு வட்டம் போய்விட்டது.

இரண்டு படங்களை ஒன்றாகக் குழப்புவது

‘பென்-ஹர்’ தேரோட்டத்தில் ஒருவர் செத்துப்போனார், அந்த ஷாட் படத்திலேயே இருக்கிறது என்று எழுதாத ஆள் இல்லை. 1925-இல் ஒரு படம், 1959-இல் ஒரு படம். முதல் படத்துக்கு ரோமில் தேரோட்டத்தைப் படம் பிடித்தபோது ஒரு ஸ்டண்ட் கலைஞர் இறந்ததாக, அதில் வில்லன் மெஸ்ஸாலாவாக நடித்த பிரான்சிஸ் எக்ஸ். புஷ்மன் பின்னாளில் சொல்லியிருக்கிறார். 1959 படத்தின் தேரோட்டத்தில் யாரும் சாகவில்லை. நாயகன் சார்ல்டன் ஹெஸ்டனுக்கு டூப் போட்ட ஜோ கனட், உடைந்து கிடந்த தேரின் மேல் தன் தேர் எகிறியபோது முன்பக்கமாகத் தூக்கி எறியப்பட்டார். எப்படியோ பிடித்துக்கொண்டார், தாடையில் வெட்டுக் காயத்தோடு தப்பினார். அந்த ஷாட்டைப் படத்தில் வைத்துக்கொண்டு, ஹெஸ்டன் மறுபடி தேரில் ஏறுவதுபோல் ஒரு குளோசப்பை ஒட்டினார்கள். அந்தத் தேரோட்டத்தை வடிவமைத்த யாக்கிமா கனட், ஜோவின் அப்பா. மகன் காற்றில் பறந்ததை அங்கேயே நின்று பார்த்த அப்பாவைப் பற்றி எழுதலாமே. ஆனால் எல்லோருக்கும் ஒரு சாவு வேண்டியிருக்கிறது.

ஸ்டண்டையும் விபத்தையும் ஒன்றாக்குவது

1928-இல் வந்த ‘ஸ்டீம்போட் பில் ஜூனியர்’ படத்தில் வீட்டின் முகப்புச் சுவர் முழுசாகச் சரிந்து, மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் மேல் விழும். மாடி ஜன்னலின் திறப்பு சரியாக அவர் நிற்கும் இடத்தில் வந்து இறங்கும். அவர் அசையாமல் நிற்பார். இது விபத்து இல்லை. அளந்து, குறி போட்டு, தெரிந்தே நின்றார்.

கீட்டனுக்கு நடந்த நிஜ விபத்து 1924-இல், ‘ஷெர்லாக் ஜூனியர்’ படத்தில். ரயில் பாதை ஓரத்துத் தண்ணீர்த் தொட்டியின் குழாயைப் பிடித்துத் தொங்குவார், தண்ணீர் கொட்டும். எதிர்பார்த்ததைவிட வேகமாகக் கொட்டி அவரைத் தண்டவாளத்தில் தள்ளியது. கழுத்து அடிபட்டது, தலைவலி வந்தது, வேலையைத் தொடர்ந்தார். கழுத்தெலும்பு முறிந்திருந்தது பல வருஷம் கழித்து, வேறு எதற்கோ எக்ஸ்ரே எடுத்தபோதுதான் தெரிந்தது. பார்க்கப் பயங்கரமாக இருப்பது சுவர்க் காட்சி, உடம்பை உடைத்தது தண்ணீர். இந்த வித்தியாசம் தெரியாமல் எழுதினால் கீட்டனின் கணக்கையும் புரிந்துகொள்ள மாட்டோம், அவர் பட்ட வலியையும் புரிந்துகொள்ள மாட்டோம்.

புகழ்பெற்ற காட்சியோடு காயத்தை முடிச்சுப் போடுவது

இன்னொரு மௌனப்பட நகைச்சுவை நடிகர் ஹெரால்ட் லாயிட், ‘சேஃப்டி லாஸ்ட்’ படத்தில் உயரமான கட்டிடத்தின் கடிகாரத்தைப் பிடித்துத் தொங்குவார். அவர் விரல்களை இழந்தது அப்போது இல்லை. 1919-இல், விளம்பரத்துக்காக ஸ்டில் எடுக்கும்போது, கையிலிருந்த பொம்மைக் குண்டு நிஜக் குண்டாக இருந்தது. வலது கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போயின. ‘சேஃப்டி லாஸ்ட்’ 1923-இல் வந்தது. அதாவது அந்தக் கடிகாரத்தில் தொங்குவதே விரல் போன கைதான், கையுறைக்குள் செயற்கை விரல்களோடு.

கேமரா ஓடும்போதுதான் ஆபத்து என்று நினைப்பது

1923 நவம்பர், டெக்சாஸ் மாநிலம் சான் அந்தோனியோ. ‘தி வாரன்ஸ் ஆஃப் வர்ஜீனியா’ படப்பிடிப்பில் மார்த்தா மான்ஸ்ஃபீல்ட் தன் காட்சியை முடித்துவிட்டுக் காரில் போய் உட்கார்ந்தார். அமெரிக்க உள்நாட்டுப் போர்க் காலத்து உடை, அடுக்கடுக்கான மெல்லிய பாவாடை. யாரோ போட்ட தீக்குச்சியில் அது பற்றிக்கொண்டது. உடன் நடித்த வில்ஃப்ரெட் லைட்டெல் தன் மேல்கோட்டை அவர் மேல் போட்டு முகத்தையும் கழுத்தையும் காப்பாற்றினார். ஆனாலும் மறுநாள் மார்த்தா இறந்துவிட்டார். அந்த நேரத்தில் எந்த ஸ்டண்டும் நடக்கவில்லை.

எண்ணிக்கையைக் காரணமாக்குவது

‘தி கான்கரர்’ படத்தை எழுதாமல் யாரும் விடுவதில்லை. 1954-இல் யூட்டா மாநிலத்தின் செயின்ட் ஜார்ஜ் ஊருக்குப் பக்கத்தில் எடுத்தார்கள். அதற்கு முந்தைய வருஷம்தான் நெவாடாவில் அணுகுண்டுச் சோதனைகள் நடந்து, கதிர்வீச்சுத் தூசி காற்றோடு அந்தப் பக்கம் வந்திருந்தது. படக்குழுவில் 220 பேர், 1980 வாக்கில் அவர்களில் 91 பேருக்குப் புற்றுநோய், 46 பேர் அதில் இறந்துவிட்டார்கள் என்ற கணக்கு அப்போது பத்திரிகையில் வந்தது. உடனே ‘படமே கொன்றுவிட்டது’ என்று தலைப்பு வைத்துவிடுகிறார்கள்.

91 என்பது 220-இல் சுமார் 41 சதவீதம். அமெரிக்காவில் வாழ்நாளில் எப்போதாவது புற்றுநோய் வருகிறவர்களே ஏறக்குறைய 40 சதவீதம் பேர். அந்தப் பட்டியலில் இருக்கும் படத்தின் நாயகன் ஜான் வெய்ன் ஒரு நாளைக்குப் பல பாக்கெட் சிகரெட் பிடித்தவர். ஆக, இந்த எண்ணை வைத்து மட்டும் ஒன்றும் நிரூபிக்க முடியாது. கதிர்வீச்சு யாரையும் பாதிக்கவில்லை என்று நான் சொல்ல வரவில்லை. பாதித்தது. அந்த ஊர்க்காரர்களைப் பாதித்தது. 1990-இல் அமெரிக்க அரசு இழப்பீட்டுச் சட்டமே கொண்டுவந்தது, செயின்ட் ஜார்ஜ் பகுதியும் அதில் உண்டு. படத்தில் துணை நடிகர்களாக நடித்த பையூட் பழங்குடி மக்கள் அந்த 220-க்குள் இல்லை. நட்சத்திரங்கள் சில வாரம் இருந்துவிட்டுப் போனார்கள், இவர்கள் அங்கேயே வாழ்ந்தார்கள். விபத்தை எழுதுகிறவர் போக வேண்டிய திசை அது.

முதலாளியின் காயத்தை மட்டும் எழுதுவது

‘ஹெல்ஸ் ஏஞ்சல்ஸ்’ என்றால் அதன் தயாரிப்பாளர் ஹோவர்ட் ஹியூஸ் விமானத்தோடு விழுந்து மண்டை உடைந்த கதை. அதே படத்தில் ஃபில் ஜோன்ஸ் என்ற மெக்கானிக், குண்டுவீச்சு விமானத்தின் பின்பகுதியில் இருந்து புகை கிளப்பிக்கொண்டிருந்தார். விமானி பாராசூட்டில் குதித்துவிட்டார். ஜோன்ஸ் குதிக்கவில்லை, விமானத்தோடு போனார். ஹியூஸுக்கு நாலு பத்தி எழுதினால் ஜோன்ஸுக்கு ஒன்றாவது எழுதுங்கள்.

குதிரைகளை மறப்பது

1936-இல் ‘தி சார்ஜ் ஆஃப் தி லைட் பிரிகேட்’. ஓடுகிற குதிரையின் முன்னங்கால்களில் கம்பி கட்டி, மறுமுனையைத் தரையில் அடித்த முளையில் பிணைத்துவிடுவார்கள். கம்பி நீளும் வரை ஓடும், அப்புறம் தலைகுப்புற விழும். கழுத்து முறிந்தவை உண்டு, கால் முறிந்து சுடப்பட்டவை உண்டு. 1939-இல் ‘ஜெஸ்ஸி ஜேம்ஸ்’ படத்துக்காக ஒரு குதிரையைச் செங்குத்துப் பாறையிலிருந்து தண்ணீருக்குள் விழவைத்துக் கொன்றார்கள். அதற்கு எழுந்த எதிர்ப்பால்தான் 1940-இல் அமெரிக்கன் ஹியூமேன் என்ற விலங்கு நல அமைப்பு ஹாலிவுட் படப்பிடிப்புகளைக் கண்காணிக்க ஆரம்பித்தது.

“அந்தக் காலத்தில் யாருக்கும் இதெல்லாம் தெரியாது”

தெரியும். 1928-இல் வந்த ‘நோவாஸ் ஆர்க்’ படத்துக்காக, செட்டில் நிற்கும் துணை நடிகர்கள் மேல் டன் கணக்கில் தண்ணீரைத் திறந்துவிடப் போகிறார்கள் என்று தெரிந்ததும், ஒளிப்பதிவாளர் ஹால் மோர் இது தகாது என்று எதிர்த்தார். இயக்குநர் மைக்கேல் கர்டிஸ் கேட்கவில்லை. மோர் படத்தை விட்டே விலகினார். தண்ணீரைத் திறந்தார்கள்.